நான்கு முறை வைத்த விரல்

என் அப்பா அமிர்தராஜ் தில்லை நகரில் ஒரு பல் ஆஸ்பத்திரியின் வாசலில் காவலுக்கு நிற்கிறார். ஊதாச் சட்டை, கறுப்புத் தொப்பி, கழுத்தில் விசில். பதினோரு வருஷமாக அதே வாசல். கன்னத்தைப் பிடித்துக்கொண்டு ஆட்டோவிலிருந்து இறங்குகிறவர்களைப் பார்த்ததுமே, இவருக்குப் பல் பிடுங்க வேண்டியதா, அடைத்தால் போதுமா என்று சொல்லிவிடுவார். வண்டி எண், வந்த நேரம், போன நேரம் எல்லாம் அவருடைய நீள நோட்டில் ஏறும். வீட்டுக்கு வந்தாலும் அந்தப் பழக்கம் விடுவதில்லை. போன கிறிஸ்துமஸுக்கு என் சித்தப்பா கேக்குடன் வந்தபோது அப்பா கதவைத் திறந்து, "என்ன விஷயமா வந்தீங்க?" என்று கேட்டுவிட்டார்.

அதற்கு முன்னால் அவர் துவாக்குடியில் ஒரு சின்னப் பட்டறையில் கிரைண்டிங் வேலை பார்த்தார். பதினாறு வருஷம் இரும்பைத் தேய்த்ததில் விரல்நுனிகளும் தேய்ந்து வழவழவென்று ஆகிவிட்டன. அதனால் ரேஷன் கடையில் அவர் கைரேகை லேசில் விழாது. விரலை வைப்பார், மிஷின் மறுக்கும். பேன்ட்டில் துடைத்து மறுபடி வைப்பார். தலையில் தடவி எண்ணெய்ப் பசையோடு வைப்பார். ஒவ்வொரு முறையும் "ஸாரி தம்பி" என்பார். பில் போடுகிற தம்பியிடம் சொல்கிறாரா, மிஷினிடம் சொல்கிறாரா என்று எங்களுக்குத் தெரியாது. வரிசையில் நிற்பவர்களைத் திரும்பிப் பார்த்து அவர்களிடமும் ஒரு ஸாரி சொல்வார்.

இப்படிப்பட்ட மனிதரைப் பாதுகாக்கும் பொறுப்பைத்தான் நான் கையில் எடுத்தேன்.

என் பெயர் பிரான்சி. பிளஸ் டூ முடித்து ஒரு வருஷம் ஆகிறது. நர்சிங்குக்கு மார்க் போதவில்லை. டேலி வகுப்பில் மூன்று வாரம், அழகுக்கலையில் இரண்டு வாரம், தையலில் நான்கு நாள் இருந்தேன். தையல் டீச்சர் ஐந்தாவது நாள், "உனக்கு உக்காந்து செய்யற வேலை ஒத்துவராதும்மா" என்று அனுப்பிவிட்டார். வீட்டில் சும்மா இருந்தபோது போனில் மோசடி வீடியோக்கள் பார்க்க ஆரம்பித்தேன். ஒரு வாரத்தில் நாற்பது பார்த்தேன். எட்டாவது நாள் எங்கள் பாலக்கரையில் என்னைவிட விவரம் தெரிந்தவர் யாரும் இல்லை என்ற முடிவுக்கு வந்தேன்.

காலண்டர் அட்டையின் பின்பக்கத்தில் சட்டங்கள் எழுதிச் சமையலறையில் மாட்டினேன். மாதாவே நேரில் வந்து கேட்டாலும் ஓ.டி.பி. சொல்லக் கூடாது என்பது முதல் சட்டம். போலீஸ் என்று யார் போன் செய்தாலும் அது போலி, உடனே கட் பண்ண வேண்டும் என்பது இரண்டாவது. அம்மா இருதயமேரி முதல் சட்டத்தை அப்படியே பிடித்துக்கொண்டாள். கேஸ் சிலிண்டர் கொண்டுவந்தவர் போனில் வந்த நம்பரைக் கேட்டபோது, "மாதா கேட்டாலே சொல்ல மாட்டேன், நீ யாருப்பா?" என்று கதவைச் சாத்திவிட்டாள். அவர் வாசலில் நின்று, "அக்கா, அது சிலிண்டர் நம்பர்க்கா" என்று கெஞ்சிப் பார்த்துவிட்டுச் சிலிண்டரோடு போய்விட்டார். மூன்று நாள் மின்சார அடுப்பில் கஞ்சி. அதையும் நான் என் வெற்றிக் கணக்கில்தான் சேர்த்தேன்.

இரண்டாவது சட்டத்தை நடைமுறைப்படுத்தும் வாய்ப்பு மே மாதம் எனக்கே கிடைத்தது. அப்பா டியூட்டி முடிந்து வந்து தூங்கிக்கொண்டிருந்தார். சார்ஜில் இருந்த அவர் போன் அடித்தது.

"அமிர்தராஜ் நம்பர்தானேம்மா? சைபர் கிரைம்லேருந்து எஸ்.ஐ. தேவதர்ஷினி பேசறேன். அவர் பேர்ல இருக்கற ஒரு சிம்மப் பத்தி விசாரிக்கணும்."

எனக்கு உடம்பெல்லாம் சந்தோஷம். நாற்பத்தோராவது வீடியோ என் வீட்டுக்கே வந்துவிட்டது.

"அப்படியா மேடம்? வீடியோ கால்ல வரலையா? பின்னாடி கொடியெல்லாம் கட்டி ரெடியா இருக்குமே?"

"யாரும்மா நீ?"

"நான் இந்த வீட்டு சைபர் கிரைம்."

நான் விடவில்லை. "அசல் போலீஸ் மாதிரியே பேசறீங்க மேடம். நல்ல ட்ரெய்னிங். ஆனா உழைச்சு சாப்பிடுங்க, உடம்புக்கு நல்லது."

கட் செய்து, நம்பரை பிளாக் செய்து, நடந்ததை அம்மாவிடம் நடித்துக் காட்டினேன். அன்று எனக்கு மட்டும் இரட்டை ஆம்லெட் கிடைத்தது. அப்பா எழுந்ததும் அவரிடமும் சொன்னேன். "பாவம்மா, நெஜமாவே போலீஸா இருந்தா?" என்றார். "நீங்க இப்படி இருக்கறதாலதான்பா ஊரே ஏமாத்துது" என்றேன்.

பத்து நாள் கழித்து அடைக்கலம் அண்ணன் வந்தார். அப்பாவின் செக்யூரிட்டி ஏஜென்சியில் சூப்பர்வைசர். உள்ளே வந்து உட்காராமல் வாசலிலேயே பைக்கை ஸ்டாண்டு போடாமல் நின்றார். நல்ல செய்தி என்றால் அவர் ஸ்டாண்டு போடுவார்.

"அமிர்தம்ணே, எல்லாருக்கும் போலீஸ் சரிபார்ப்பு கேட்டிருந்தோம்ல. இருபத்தாறு பேர்ல உங்களோடது மட்டும் வரல. விசாரணையில இருக்குன்னு வந்திருக்கு."

"என்ன விசாரணை?"

"உங்க பேர்ல இருக்கற நம்பர்லேருந்து வெளியூர்ல யாருக்கோ போன் போட்டு, பார்சல் வந்திருக்குன்னு ஏமாத்தியிருக்காங்களாம். போன் பண்ணாங்களாமே, உங்க வீட்டுல யாரோ திட்டி வெச்சுட்டாங்களாம்."

அம்மா என்னைப் பார்த்தாள். நான் காலண்டர் அட்டையைப் பார்த்தேன்.

"ஜூன் முப்பதுதாண்ணே கெடு" என்றார் அடைக்கலம் அண்ணன். "அதுக்குள்ள உங்க மேல ஒண்ணும் இல்லன்னு எழுத்துல வேணும். இல்லன்னா யூனிஃபார்ம ஒப்படைக்கச் சொல்லுவாங்க. எனக்கு வேற வழி தெரியல."

அப்பா உள்ளே போய் ஊதாச் சட்டையை எடுத்து மடித்து வைத்தார். இன்னும் மூன்று வாரம் இருந்தது. ஆனால் அவர் அதை இப்போதே ஒப்படைக்கப்போகிறவர் மாதிரி காலரை நீவிக்கொண்டிருந்தார். ஐம்பத்து மூன்று வயதில், மிஷின் ஏற்காத விரலோடு, வேறு யார் அவரை வேலைக்கு எடுப்பார்கள்?

நான் புலன்விசாரணையில் இறங்கினேன். முதல் குற்றவாளி லிசி அக்கா. எங்கள் தெருமுனையில் ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவர். எங்கள் வீட்டு ஆதார் அட்டைகள் அதிகம் போய்வந்த இடம் அதுதான். கடையில் நான்கு பேர் நிற்கும்போதே போய்க் கேட்டேன்.

"அக்கா, எங்கப்பா ஆதார் காப்பி எத்தனை எடுத்து வெச்சிருக்கீங்க?"

"என்னடி கேக்கற?"

"சரியா விழாத காப்பியெல்லாம் எங்க போகுது? யாருக்கு விக்கறீங்க?"

லிசி அக்கா மேஜைக்கு அடியிலிருந்து ஒரு சாக்கை இழுத்துக் கொட்டினார். எல்லாம் விரல் நகம் அளவுக்குக் கிழித்த காகிதம். "தெனமும் கடை சாத்தறதுக்கு முன்னாடி அரை மணி நேரம் உக்காந்து கிழிக்கறேன். கை வலிக்குது. நீ வந்து கிழிச்சுக் குடுக்கறியா? சும்மாதானே இருக்க?"

நின்றிருந்த நால்வரும் சிரித்தார்கள். நான் குனிந்து காகிதங்களை அள்ளிச் சாக்கில் போட்டேன். அள்ளி முடிக்கும்வரை லிசி அக்கா பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கோபம் குறைந்து, "என்னாச்சு சொல்லு" என்றார்.

சொன்னேன்.

"இத்தனை வீடியோ பாத்தியே, உங்கப்பா பேர்ல எத்தனை நம்பர் ஓடுதுன்னு பாத்தியா?"

பார்க்கவில்லை. அப்படிப் பார்க்க அரசாங்கமே ஓர் இணையதளம் வைத்திருக்கிறது என்பது எனக்குத் தெரியாது. சஞ்சார் சாத்தி என்று பெயர். போன் நம்பரைப் போட்டு, வருகிற ஓ.டி.பி.யைப் பதிந்தால் அந்த ஆள் பெயரில் உள்ள எல்லா நம்பர்களையும் காட்டும். நமக்குத் தெரியாத நம்பர் இருந்தால் 'என்னுடையது இல்லை' என்று அங்கேயே புகார் செய்யலாம். லிசி அக்காவின் கம்ப்யூட்டரில் அப்பாவின் நம்பரைப் போட்டோம். ஐந்து நம்பர்கள் வந்தன. ஒன்று அப்பாவுடையது. இன்னொன்று என்னுடையது. வாங்கும்போது எனக்குப் பதினெட்டு ஆகாததால் அப்பா பெயரில் எடுத்தது. மீதி மூன்று யாருடையவை என்று தெரியவில்லை.

அடுத்து ஆதார் தளத்தில், அப்பாவின் ஆதார் எங்கெங்கே சரிபார்க்கப்பட்டது என்ற ஆறு மாத வரலாற்றைத் திறந்தார் லிசி அக்கா. ரேஷன் கடை வரிகளுக்கு நடுவே ஜனவரியில் ஒரே நாளில் நான்கு வரிகள். 11.42, 11.45, 11.49, 11.53. நான்கும் சிம் கம்பெனிக்காக. நான்கும் கைரேகை. நான்கிலும் ரேகை பொருந்தியது என்று இருந்தது.

"உங்கப்பாவுக்கு ரேகையே விழாதும்ப. இங்க நாலு தடவையும் விழுந்திருக்கே?" என்றார் லிசி அக்கா.

எனக்கு எங்கள் வீட்டுக் குளியலறையில் இருக்கும் சிவப்பு வாளி ஞாபகம் வந்துவிட்டது.

அந்த ஜனவரியில் ஸ்ரீரங்கத்தில் வைகுண்ட ஏகாதசிக் கூட்டம். ஏஜென்சி அப்பாவைப் பத்து நாள் அங்கே வண்டி நிறுத்துமிடத்தில் போட்டிருந்தது. நான் ஒன்றாம் நம்பர் பஸ்ஸில் சாப்பாடு கொண்டு போனேன். அங்கே அம்மா மண்டபம் என்கிற படித்துறைக்குப் போகும் சாலையில் பெரிய குடைக்குக் கீழே மஞ்சள் டீ-ஷர்ட் போட்ட ஒருவன் சிம் விற்றுக்கொண்டிருந்தான். சிம் இலவசம், ஒரு மாத டேட்டா இலவசம், கூடவே ஒரு வாளியும் இலவசம். நான் சாப்பாட்டுப் பையை வைத்துவிட்டு, எனக்கு ஒரு சிம் எடுக்க அப்பாவைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனேன். "பசிக்குதும்மா" என்றார். "ரெண்டே நிமிஷம்பா" என்றேன்.

அப்பா விரலை வைத்தார். "விழலண்ணே, இன்னொரு தடவ வைங்க" என்றான் அவன். அப்பா துடைத்துவிட்டு வைத்தார். "இல்லண்ணே, விழல." தலையில் தடவி வைத்தார். மறுபடி இல்லை. நான்காவது முறை, "ஆங், விழுந்துடுச்சு" என்று சொல்லி வாளியைக் கொடுத்தான். வேறு யாராக இருந்தாலும் இரண்டாவது முறையே, ஏன் விழவில்லை, காட்டு என்று கேட்டிருப்பார்கள். எங்கள் அப்பாவிடம் விழவில்லை என்று சொன்னால் போதும். தப்பு தன் விரலில்தான் என்று அவருக்கு முன்பே தெரியும்.

எல்லாம் இவ்வளவு துல்லியமாக எனக்கு எப்படி ஞாபகம் இருக்கிறது என்றால், அதை நான் வீடியோ எடுத்திருந்தேன். முதல் முறை விழாதபோதே சிரிப்பு வந்து போனை எடுத்துவிட்டேன். மூன்று துண்டுகளை ஒட்டி, 'மிஷினுக்கே பிடிக்காத விரல்' என்று எழுதி, வாய்விட்டுச் சிரிக்கும் பொம்மை நான்கு சேர்த்து ஸ்டேட்டஸ் வைத்தேன். நாற்பத்து மூன்று பேர் பார்த்தார்கள். அப்பாவுக்கு மட்டும் தெரியாமல் மறைத்து வைத்திருந்தேன்.

லிசி அக்கா கடையிலிருந்து வீட்டுக்கு வரும்போது இரண்டு விஷயம் புரிந்தது. அப்பாவைத் திருடன் கையில் கொண்டுபோய்க் கொடுத்தது நான்தான். அவரைக் காப்பாற்ற இருக்கும் ஒரே ஆதாரம், அவரைக் கேலி செய்து நான் எடுத்த வீடியோ. அதைக் காட்டினால் அவரும் பார்ப்பார். அழித்துவிடலாமா என்றுகூட ஒரு நிமிஷம் நினைத்தேன். குப்பைத்தொட்டிப் படத்தின் மேல் விரலை வைத்தேன். உள்ளே அப்பா மடித்த சட்டையை மறுபடி பிரித்து மடித்துக்கொண்டிருந்தார். விரலை எடுத்துவிட்டேன்.

மறுநாள் மூன்று பேரும் சைபர் கிரைம் ஸ்டேஷனுக்குப் போனோம். அம்மா வாளியையும் எடுத்துக்கொண்டாள். வேண்டாம் என்று சொல்லிப் பார்த்தேன். "அவன் குடுத்தது இது ஒண்ணுதாண்டி கையில இருக்கு" என்றாள். வாசலில் நின்ற போலீஸ்காரர், "தண்ணி பிரச்சனைக்கு இங்க வரக் கூடாதும்மா, கார்ப்பரேஷனுக்குப் போங்க" என்றார்.

எஸ்.ஐ. தேவதர்ஷினி மேடம் மேஜைக்குப் பின்னால் இருந்தார். நான் முடிந்தவரை குரலை மாற்றி, மெதுவாக, பெயரும் விவரமும் சொன்னேன். பாதியிலேயே கையைக் காட்டி நிறுத்தினார்.

"இந்தக் குரல எங்கயோ கேட்டிருக்கேனே."

"இல்ல மேடம்..."

"வீட்டு சைபர் கிரைம்தானே?"

அப்பா எழுந்து நின்று, "ஸாரி மேடம், சின்னப் பொண்ணு" என்றார். என் தப்புக்கும் அவரே சொன்னார்.

"சந்தேகப்படறது தப்பில்ல" என்றார் மேடம் என்னிடம். "கட் பண்ணதும் தப்பில்ல. ஆனா கட் பண்ணிட்டு ஸ்டேஷனுக்கு நேரா வந்தோ, 1930 ஹெல்ப்லைனுக்கு போன் போட்டோ, இப்படி ஒருத்தர் இருக்காங்களான்னு கேக்கணும். நீ அட்வைஸ் பண்ணிட்டு பிளாக் பண்ணிட்ட. சரி, என்ன கொண்டாந்திருக்க?"

லிசி அக்கா எடுத்துக் கொடுத்த தாள்களை வைத்தேன். மேடம் நான்கு நேரங்களையும் வட்டமிட்டார். "வித்தவன் யாருன்னு காட்ட ஏதாவது இருக்கா? இவரே வாங்கி வேற யாருக்கோ குடுக்கலன்னு நான் எப்படி எழுதறது?"

அம்மா வாளியை மேஜையில் வைத்தாள். அதன் பக்கவாட்டில் இருந்த கடை ஸ்டிக்கரில் பாதி, தினமும் தேய்த்துக் கழுவியதில் அழிந்திருந்தது. சுத்தத்தில் எங்கள் அம்மாவை அடித்துக்கொள்ள முடியாது. மேடம் அதை ஒரு போட்டோ எடுத்துக்கொண்டு, "இது பத்தாதும்மா" என்றார்.

நான் போனை எடுத்தேன். அப்பா என் பக்கத்தில், தோளை ஒட்டி உட்கார்ந்திருந்தார். பொத்தானை அழுத்திவிட்டு ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டேன். ஆனால் காதை எங்கே வைப்பது? முதலில் என் சிரிப்புதான் வந்தது. அவ்வளவு சத்தமாகச் சிரித்திருப்பேன் என்று நினைக்கவில்லை. "அப்பா, உங்க விரல மிஷினுக்கே புடிக்கலப்பா!" அப்புறம் அப்பாவின் குரல். "ஸாரி தம்பி." துடைக்கிற சத்தம். "ஸாரி தம்பி, பட்டறையில வேலை பாத்தது." மறுபடி என் சிரிப்பு. "ஸாரி தம்பி."

மேடம் மறுபடி ஓடவிட்டார். மூன்றாவது முறை ஓரிடத்தில் நிறுத்தினார்.

"இங்க பாருங்க. அவர் வெரல வெச்சு எடுத்ததும் இவன் இடுப்புப் பையிலேருந்து ஒரு கவர் உருவறான். அடுத்த தடவையும் உருவறான். வெரல் விழலன்னா புது சிம் கவர் எதுக்கு? விழுந்த ஒவ்வொரு தடவைக்கும் ஒரு சிம் போட்டிருக்கான்."

அதை நான் எத்தனை முறை பார்த்திருப்பேன்! எடிட் செய்யும்போதே இருபது முறை. அந்தக் கவர் என் கண்ணில் பட்டதே இல்லை.

அப்பா போனையே பார்த்துக்கொண்டிருந்தார். "இவனுக்கு மூணு தடவ ஸாரி சொல்லியிருக்கேன்" என்றார்.

மேடம் புகாரை எழுதி வாங்கினார். வீடியோவை வாங்கிக்கொண்டார். அவன் முகம் தெளிவாக இருப்பதாகச் சொன்னார். மூன்று நம்பர்களையும் நிறுத்தச் செய்வதாகவும், அப்பா ஏமாற்றப்பட்டவர், ஏமாற்றியவர் அல்ல என்று ஏஜென்சிக்கு எழுதித் தருவதாகவும் சொன்னார். அங்கேயே அப்பாவின் கைரேகையை ஆதார் தளத்தில் பூட்டி வைக்கச் சொல்லிக் கொடுத்தார். பூட்டினால் யாரும் நம் ரேகையை வைத்து எதுவும் எடுக்க முடியாது. ரேஷன் கடைக்குப் போகும்போது மட்டும் கொஞ்ச நேரம் திறந்துகொள்ளலாம். "வாளிய எடுத்துட்டுப் போங்கம்மா" என்றார் கடைசியில். அம்மாவுக்கு அதுதான் பெரிய நிம்மதி.

திரும்பும் பஸ்ஸில் அப்பா ஜன்னலோரம். நடுவில் வாளி. இந்தப் பக்கம் நான்.

"எத்தனை பேரு பாத்தாங்க பாப்பா?"

"நாப்பத்தி மூணு பேரு."

"அதுல யாராச்சும் அந்தக் கவரப் பத்தி கேட்டாங்களா?"

"இல்லப்பா."

அப்பா தன் கட்டைவிரலைத் திருப்பிப் பார்த்தார். "எல்லாரும் இதத்தான் பாத்திருக்கீங்க" என்றார்.

திட்டியிருந்தால் பரவாயில்லை. காந்தி மார்க்கெட் நிறுத்தம் வரும்வரை நான் வாளிக்குள்ளேயே பார்த்துக்கொண்டு வந்தேன். வீட்டுக்குப் போனதும் வீடியோவை போலீஸுக்கு என்று தனியாக வைத்துவிட்டு, அந்த நாற்பத்து மூன்று பேருக்கும் நடந்ததை எழுதி அனுப்பினேன். பாதிப் பேர் சஞ்சார் சாத்தியில் போய்ப் பார்த்தார்கள். டேலி வகுப்பில் என்னோடு படித்த அல்ஷிஃபாவின் அத்தா பெயரிலும் தெரியாத நம்பர் ஒன்று இருந்தது. சமையலறை அட்டையைக் கழற்றினேன். இப்போது மாலையில் லிசி அக்கா கடையில் காகிதம் கிழிக்கிறேன். உட்கார்ந்து செய்கிற வேலைதான். இதுவரை ஆறு வாரம் தாக்குப்பிடித்திருக்கிறேன்.

கடிதம் ஜூன் இருபத்தொன்பதாம் தேதி மாலை வந்தது. அடைக்கலம் அண்ணன் இந்த முறை பைக்குக்கு ஸ்டாண்டு போட்டு, உள்ளே வந்து, காபி குடித்தார்.

ஜூலையில் ஆஸ்பத்திரியில் வருகைப்பதிவுக்கு விரல் வைக்கும் மிஷின் வந்தது. முதல் நாள், அப்பா மறந்து வைத்த கண்ணாடியைக் கொடுக்க நான் காலையில் போயிருந்தேன். அப்பாவுக்குப் பின்னால் நர்சுகளும் துப்புரவு அக்காக்களும் வரிசையில் நின்றார்கள். அப்பா விரலை வைத்தார்.

"விழலண்ணே" என்றார் அடைக்கலம் அண்ணன். "இன்னொரு தடவ வைங்க."

அப்பா வைக்கவில்லை. "மொதல்ல வெச்சது எங்க போச்சு அடைக்கலம்? ஸ்க்ரீனக் காட்டு."

"அண்ணே, பின்னாடி எல்லாரும் நிக்கறாங்க."

"நிக்கட்டும். காட்டு."

அடைக்கலம் அண்ணன் மிஷினைத் திருப்பிக் காட்டினார். உண்மையிலேயே விழவில்லை. அப்பா நான் கொடுத்த கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அதைப் படித்துப் பார்த்தார். தன் நீள நோட்டைத் திறந்து, '8.02, விரல் வைத்தேன், ஏற்கவில்லை' என்று எழுதினார். பிறகு இரண்டாவது முறை வைத்தார். மிஷின் ஏற்றது. '8.04, ஏற்றது' என்று எழுதி, நோட்டை அடைக்கலம் அண்ணனிடம் நீட்டினார்.

"இதுல ஒரு கையெழுத்துப் போடு."

"ஸாரிண்ணே" என்று சொல்லிவிட்டு அடைக்கலம் அண்ணன் போட்டார்.